ஃபெதேலே கப்பலின் பெரட்டு

மங்களத்துக்கு ஒரு வியாதி உண்டு. எங்கே யார் பேரைக் கூப்பிட்டாலும், பேருக்குரிய ஆள் பக்கத்தில் இல்லையென்றால், இவள் வாய் தானாகத் திறந்துகொள்ளும். ஈப்போ ஆஸ்பத்திரியில் மருந்துக்குக் காத்திருப்பாள். நர்ஸ் உள்ளேயிருந்து ஏதோ ஒரு பேரைச் சொல்லுவாள். அந்தப் பேர்க்காரி கறுப்பா சிவப்பா என்றுகூட இவளுக்குத் தெரியாது. "வந்துட்டாங்கம்மா, இப்பத்தான் தண்ணி குடிக்கப் போனாங்க" என்பாள். பிறகு அந்தப் பேர்க்காரியைத் தேடிக்கொண்டு நடையெல்லாம் அலைவாள்.

தோட்டத்தில் ஒட்டிக்கொண்ட வியாதி இது. மலேசியாவில் தாப்பாவுக்குப் பக்கத்தில் வெள்ளப்பாறை ரப்பர்த் தோட்டத்தில் பிறந்து, வளர்ந்து, கல்யாணம் கட்டி, புருஷனையும் அங்கேயே புதைத்தவள் மங்களம். விடியும் முன்னால் பெரட்டுக்கு, அதாவது பேர்க் கணக்கெடுப்புக்கு, களத்தில் வரிசை கட்டி நிற்க வேண்டும். வேலை மேய்க்கிற தண்டல் பேர் கூப்பிடுவார். பதில் இல்லாத பேருக்கு அன்றைக்கு வேலை இல்லை, அடுப்பும் எரியாது. பிள்ளைக்குக் காய்ச்சல் என்று பிந்தி ஓடிவருகிறவள், முதல்நாள் கள் கொஞ்சம் தூக்கலாகப் போனவன் என்று தினமும் ஒன்றிரண்டு பேர் இருப்பார்கள். அவர்களுக்காகப் பக்கத்தில் நிற்கிறவர் "வந்துட்டாருங்க" என்று குரல் கொடுப்பார். இருட்டில் தண்டலுக்கு முகம் தெரியாது. தெரிந்தாலும் தெரிந்ததாகக் காட்டிக்கொள்ள மாட்டார். சண்டைக்காரிகூட சண்டைக்காரிக்காகக் குரல் கொடுப்பாள். குடுமிப்பிடியெல்லாம் மத்தியானம் பால் நிறுத்துக் கொடுத்த பிறகுதான். "வரலை" என்ற சொல்லை மட்டும் வரிசையில் நின்ற யாரும் யாரைப் பற்றியும் சொன்னதில்லை. அது தண்டல் வாயிலிருந்து வர வேண்டிய சொல்.

தோட்டத்தை விற்றுத் துண்டு போட்ட பிறகு மங்களம் ஈப்போவுக்கு வந்தாள். புந்தோங்கில் ஒரு பலகை வீடு, மெங்லெம்புவில் ரப்பர் கையுறை செய்கிற தொழிற்சாலையில் வேலை. பக்கத்து வீட்டுக் கருப்பம்மாளும் அதே தோட்டம், அதே தொழிற்சாலை. மங்களத்தின் ஒரே மகன் ஜெயபாலன் கடற்படையில் சேர்ந்து லூமுட்டில் இருந்தான். கடலையே சரியாகப் பார்த்திராத பரம்பரையில் இவன் மட்டும் எப்படிக் கப்பலேறினான் என்று அவளுக்குப் பெருமையும் பயமும் சரிபாதி.

எண்பத்தாறாம் வருடம் அவன் இத்தாலியிலிருந்து திரும்பினான். கடலடியில் கண்ணிவெடி தேடுகிற புதுக் கப்பல்களை அங்கே கட்டினார்கள். அதில் வேலை பழகப் போனவன், கப்பலோடு கப்பலாக வந்து சேர்ந்தான். அம்மாவுக்கு ஒரு கம்பளிச் சால்வை கொண்டுவந்தான். ஈப்போ வெயிலில் அதை எங்கே போர்த்திக்கொள்வதென்று அவனும் யோசிக்கவில்லை. அதோடு ஒரு ஒலிநாடாவும் இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். மங்களம் அடுப்படியில் மீன்குழம்பு கூட்டிக்கொண்டிருந்தாள். வாசற்படியில் கருப்பம்மாள் நெத்திலி கிள்ளிக்கொண்டிருந்தாள். ஜெயபாலன் நாடாவை ரேடியோப் பெட்டிக்குள் போட்டான்.

"பாட்டாடா?" என்றாள் கருப்பம்மாள்.

"பாட்டு இல்ல அத்தை. பெரட்டு."

இரண்டு பெண்களும் நிமிர்ந்து பார்த்தார்கள்.

அவன் சொன்ன கதை இது. ஃபெதேலே என்று ஒரு நாசகாரிக் கப்பல். அவர்கள் பாஷையில் விசுவாசமானவள் என்று அர்த்தமாம். நீளமாக, ஒல்லியாக, மூன்று புகைபோக்கிகளோடு ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பன்னிரண்டில் கடலில் இறங்கியவள். இறங்கின சூட்டோடு லிபியாக் கரைக்குச் சண்டைக்குப் போனாள். அப்புறம் பெரிய சண்டை வந்தது. எதிரித் துறைமுக வாசலில் விளக்கையெல்லாம் அணைத்துவிட்டுப் போய்க் கண்ணிவெடி போட்டுவிட்டு வந்தாள். அல்பேனியாக் கரையில் பட்டினி கிடந்த சிப்பாய்களை அள்ளிக்கொண்டு வந்தாள். நிற்க முடியாதவர்களைத் தளத்தில் விறகு அடுக்குவது போல் படுக்கவைத்துக் கொண்டுவந்தார்களாம். சண்டை முடிந்ததும் தீவுகளுக்குத் தபாலும் அதிகாரிகளும் ஏற்றிப் போனாள். வயதாக ஆகப் பீரங்கிகளைக் கழற்றிக்கொண்டு, நாசகாரி என்ற பட்டத்தையும் பிடுங்கிக்கொண்டு, சின்ன வகையில் தள்ளிவிட்டார்கள்.

"கெழடு தட்டினா எங்கயும் அதே கததான். நம்ம பழைய தண்டலைக் கடைசியில மாட்டுக்குப் புல்லறுக்க விட்டாங்களே" என்றாள் மங்களம்.

"கேளுங்கம்மா. ரெண்டாவது சண்டை வந்ததும் திரும்பவும் அவளைத்தான் கூப்புட்டாங்க. முப்பது வயசு அப்ப. சரக்குக் கப்பலுக்குத் துணையா போகணும். மேல இருந்து குண்டு போட்டான், ஒண்ணும் படல. ரெண்டு சண்டையில எந்த எதிரியாலயும் அவளைத் தொட முடியல. ஒரு நாள் காலையில நல்ல பனி. துணைக்குப் போன சரக்குக் கப்பலே வந்து நடு வயித்துல ஏறிருச்சு."

"அட கடவுளே."

"முன்முனையில காவலுக்கு நின்னவன் பார்த்துச் சத்தம் போட்டிருக்கணும். அவன் அங்க இல்ல. குளிர் தாங்காம கோட்டு எடுக்கக் கீழ போயிருந்தான். கோட்ட மாட்டிக்கிட்டு மேல வாறதுக்குள்ள எல்லாம் முடிஞ்சிருச்சு. அவனும் போயிட்டான்."

பிழைத்தவர்கள் வருடா வருடம் அதே நாளில் துறைமுகத்தில் கூடுவார்கள். கப்பலில் இருந்த எல்லார் பேரையும் ஒருவர் கூப்பிடுவார். உயிரோடிருப்பவர் "பிரெசென்தே" என்பார், அதாவது இருக்கிறேன். செத்தவர் பேருக்குக் கூடியிருக்கிற எல்லாருமே சேர்ந்து "பிரெசென்தே" என்று குரல் கொடுப்பார்கள். அந்தத் தடவை ஜெயபாலன் தங்கியிருந்த வீட்டுக்காரக் கிழவர் அவனையும் கூட்டிப்போயிருந்தார். அங்கே பிடித்த நாடாதான் இது.

வெள்ளைக்காரனும் செத்தவனுக்காகப் பெரட்டில் குரல் கொடுக்கிறானே என்று மங்களம் வியந்துபோனாள். அகப்பையோடு வந்து பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டாள். ஒரு கிழட்டுக் குரல் பேர் சொல்ல, கூட்டம் பதில் சொல்லிக்கொண்டே போனது. கொடித்துணி படபடப்பதும் கேட்டது.

"ஸனெத்தி, புரூனோ."

பதில் இல்லை. காற்று மட்டும் இரைந்தது. யாரோ இருமினார்.

"இவன்தான்" என்றான் ஜெயபாலன். "கோட்டு எடுக்கப் போனவன். பேர விடாமக் கூப்புடுவாங்க, ஆனா யாரும் வாய் தொறக்க மாட்டாங்க. நாப்பது வருசத்துக்கு மேலயா இப்படித்தான்."

"என்ன மனுசனுங்கடா!" மங்களத்துக்கு முகம் சிவந்துவிட்டது. "குளிருக்குக் கோட்டு எடுக்கப் போனது ஒரு குத்தமா? செத்த புள்ளையை இத்தன வருசமா வெளிய நிப்பாட்டி வெச்சிருக்கானுங்க!" பெட்டியைப் பார்த்துத் தொண்டையைச் செருமினாள். தோட்டத்துக் களத்தில் கொடுக்கிற அதே குரலில் கத்தினாள். "வந்துட்டாருங்க!"

கருப்பம்மாள் விழுந்து விழுந்து சிரித்தாள். ஜெயபாலனும் சிரித்தான். நாடாவில் அடுத்த பேரைக் கூப்பிட்டார்கள், கூட்டம் பதில் சொன்னது. வேறொன்றும் நடக்கவில்லை. சாயங்காலம் கதவுக்குப் பின்னால் தரை ஈரமாக இருந்தது. நெத்திலித் தண்ணீரைக் கொட்டிவிட்டாள் என்று மங்களம் கருப்பம்மாளைத் திட்டிக்கொண்டே துடைத்தாள். ஆனால் கருப்பம்மாள் உள்ளே வராமல் நெத்திலியை வாசற்படியிலிருந்தே எடுத்துக்கொண்டு போயிருந்தாள்.

ஜெயபாலன் லூமுட்டுக்குத் திரும்பின கொஞ்ச நாளில் தெருமுனைச் சீனக் கடைக்குப் போன் பண்ணினான்.

"மா, ஒரு வேடிக்கை. காலையில கப்பல்ல ஆள் எண்ணுறப்ப ஒண்ணு கூடுதலா வருது. பேரு சரியாத்தான் இருக்கு. தலையை எண்ணினா ஒண்ணு அதிகம். ஆள் எண்ணுற எங்க அதிகாரி சீப்புக்குக் கண்ணு போச்சுன்னு எல்லாரும் சிரிக்கிறாங்க."

அடுத்த முறை போன் பண்ணும்போது அவன் சிரிக்கவில்லை. யாருடையது என்று தெரியாத ஒரு கனத்த கம்பளிக் கோட்டு அவன் படுக்கைக்கு மேலே தொங்குகிறதாம். சொட்டச் சொட்ட நனைந்திருக்கிறதாம். எடுத்து வெயிலில் போட்டால் காய்வதில்லை. கடலில் எறிந்தால் காலையில் திரும்பவும் தொங்குகிறது. தான் நாடாவுக்கு வாய் திறந்தது மங்களத்துக்கு நினைவுக்கு வந்தது. வந்த நினைவை அமுக்கிக்கொண்டு, "மாரியம்மா கோயில் விபூதியை வெச்சுக்கடா" என்று மட்டும் சொன்னாள்.

மூன்றாவது முறை போன் வரவில்லை. அவனே வந்தான். கன்னம் ஒட்டி, சட்டை தொளதொளத்து வாசலில் நின்றவனைப் பார்த்து மங்களம், "யாரு வேணும்?" என்று கேட்டுவிட்டாள். கேட்ட பிறகுதான் அவன் தன் மகன் என்று உறைத்தது.

"நீங்களுமா?" என்றான் அவன். அழுதுவிடுவான் போலிருந்தது. "இப்ப எண்ணிக்கை சரியா வருதும்மா. ஆனா என் பேரக் கூப்புட்டா நான் வாயத் தொறக்குறதுக்கு முன்னாடி யாரோ பதில் சொல்லிடறான். சீப் என்னைத் தாண்டிப் பாக்குறாரு. என் படுக்கை ஈரமா இருக்கு. சாப்பாட்டு வரிசையில எனக்குப் பின்னால நிக்கிறவனுக்குப் போடறாங்க. நான் அங்கதான் நிக்கிறேன், யாருக்கும் தெரியலம்மா."

கருப்பம்மாள் வந்து எட்டிப் பார்த்தாள். "மங்களம், யாரோட பேசிக்கிட்டு இருக்க?" என்றாள்.

அன்றைக்கு மங்களம் சோறு பொங்கவில்லை. தலையில் கை வைத்துக்கொண்டு யோசித்தாள். ஒருவன் வந்துவிட்டதாக அவள் சொல்லியிருக்கிறாள். அவனும் வந்துவிட்டான். வந்தவன் நிற்க ஒரு இடம் வேண்டும். அந்தக் கப்பலில் முன்முனைக் காவல் யார் வேலை என்று மகனைக் கேட்டாள். "என்னோடதுதான்" என்றான் அவன். அவளுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. கொடுத்த குரலைத் திரும்ப எடுத்துக்கொள்ள ஒரே வழிதான் இருந்தது. அதைச் சொல்ல வேண்டியதும் அவள்தான்.

கருப்பம்மாளிடம் போய் எல்லாவற்றையும் சொன்னாள். கருப்பம்மாள் அவளை நிமிர்ந்து பார்த்தாள்.

"வரிசையில நின்னுக்கிட்டு, 'வரலை'ன்னு சொல்லப் போறியா?"

"எம் புள்ளடீ கருப்பம்மா."

"எனக்கு வெளங்குது. ஆனா நம்ம ஆளுங்க யாராவது அப்படிச் சொல்லியிருக்காங்களா? அவனா வரணும்ன்னு கேட்டான்? நீதான் கூப்புட்ட."

மங்களம் எழுந்து தன் வீட்டுக்குப் போனாள்.

லூமுட்டில் மாலுமிகளின் குடும்பத்தாரைக் கடற்படைத் தளத்துக்குள் விடுகிற நாள் ஒன்று வந்தது. மங்களம் ஈப்போவிலிருந்து முதல் பஸ்ஸைப் பிடித்தாள். பாதை நெடுக மழை தூறியது. துறைக்கு வந்தபோது பங்கோர்த் தீவு இருந்த இடமே தெரியவில்லை. வெள்ளைத்துணி கட்டிவிட்டாற்போல் பனி கடலை மூடியிருந்தது. பெண்களும் பிள்ளைகளும் குடை பிடித்துக்கொண்டு படகுத்துறையில் நின்றார்கள். கப்பல் தளத்தில் மாலுமிகள் வரிசையாக நின்றார்கள். ஜெயபாலன் இரண்டாவது வரிசையில் இருந்தான். தேடித்தான் கண்டுபிடித்தாள். அவன் மேல் பார்வை நிற்காமல் வழுக்கி வழுக்கிப் பக்கத்து ஆளுக்குப் போனது.

பிறகு முன்முனையைப் பார்த்தாள்.

ஒரு பையன் நின்றிருந்தான். இருபது வயதுகூட இருக்காது. காது இரண்டும் வெளியே நீட்டிக்கொண்டிருந்தன. முழங்கால் வரைக்கும் கறுப்புக் கம்பளிக் கோட்டு, அதன் ஓரமெல்லாம் தண்ணீர் சொட்டியது. எத்தனை சொட்டினாலும் அவன் காலடியில் தளம் உலர்ந்தே இருந்தது. அவன் கூட்டத்தைப் பார்க்கவில்லை, வரிசையையும் பார்க்கவில்லை. பனிக்குள்ளேயே கண்ணை நட்டு வைத்திருந்தான். இமைக்கவில்லை. நாற்பது வருடம் கழித்துக் கிடைத்த காவலை ஒரு நொடிகூட விட்டுவிடக் கூடாது என்று நிற்கிற நிலை அது.

பேயை எதிர்பார்த்து வந்தவளுக்கு அதைப் பார்க்க மனசு தாங்கவில்லை. பிந்தி ஓடிவந்து, மூச்சு வாங்க வரிசையில் நுழைந்துகொள்கிற தோட்டத்துப் பையன்களைப் போலத்தான் அவனும் இருந்தான். இவனையும் ஒருத்தி பெற்றிருப்பாள், அந்தக் கோட்டை அவளே தைத்துக் கொடுத்திருப்பாள். மங்களம் திரும்பிப் போய்விடலாமா என்றுகூட நினைத்தாள். நினைத்தது நிஜம்.

சீப் பேர்களைக் கூப்பிட ஆரம்பித்தார். ஒவ்வொருவராக மலாயில் "ஹாடிர்" என்றார்கள், இருக்கிறேன் என்று.

"ஜெயபாலன்!"

முன்முனையிலிருந்து பதில் வந்தது. "பிரெசென்தே." தெளிவான, இளம் குரல். அது வேறு பாஷை என்று சீப்புக்குத் தோன்றவேயில்லை. தலையாட்டிவிட்டு அடுத்த பேருக்குப் போனார். ஜெயபாலனின் வாய் திறந்து மூடியது. சத்தம் வரவில்லை. அவனுக்குப் பின்னால் நின்ற மாலுமி, முன்னால் காலி இடம் இருப்பதைக் கண்டவனைப் போல, சாவகாசமாக ஓரடி எடுத்து வைத்தான். அந்தக் காலடி ஜெயபாலன் நின்ற இடத்திலேயே விழுந்தது.

மங்களம் குடையைக் கீழே போட்டாள்.

"ஸனெத்தி புரூனோ வரலை!" என்று அலறினாள். "வரலைங்க! நான் சொன்னது பொய்யிங்க! அவரு வரலை!"

கூட்டம் திரும்பிப் பார்த்தது. அந்தப் பையனும் திரும்பினான். கோபம் இருக்கும் என்று எதிர்பார்த்தாள். அவன் முகத்தில் கோபம் இல்லை. இதை அவன் ஏற்கெனவே பல தடவை கேட்டிருக்கிறான், இங்கேயும் அதுதானா என்பதுபோல் பார்த்தான். தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டான். கப்பலின் ஓரத்தில் ஏணியே இல்லாத இடத்தில், படியிறங்குகிறவன் போல் இறங்கிப் போனான். தண்ணீரில் சத்தம் எழவில்லை.

"ஹாடிர்!" என்று ஜெயபாலன் கத்தினான். அவன் குரல் துறை முழுதும் கேட்டது. பின்னால் நின்றவன் திடுக்கிட்டு விலகினான். "சரி சரி, காது கேக்குது" என்றார் சீப் மலாயில். எல்லாரும் சிரித்தார்கள்.

மத்தியானம் அவன் மூன்று தட்டுச் சோறு சாப்பிட்டான். கன்னத்தில் ரத்தம் ஊறியது கண்ணுக்குத் தெரிந்தது. "என்னம்மா அப்படிக் கத்துனீங்க? மானமே போச்சுலா" என்று சிரித்தான். கோட்டைப் பற்றிக் கேட்டதற்கு, "எந்தக் கோட்டு?" என்றான். மங்களம் அவன் தலையைத் தடவிக்கொண்டே இருந்தாள். பிள்ளை கிடைத்துவிட்டான், சந்தோஷம்தான். ஆனால் பஸ்ஸில் திரும்பி வரும்போது அழுகை அடக்க முடியாமல் வந்தது. அவள் அழுதது மகனுக்காக இல்லை.

கருப்பம்மாள் நடந்ததைக் கேட்டாள். குற்றம் சொல்லவும் இல்லை, ஆறுதல் சொல்லவும் இல்லை. "சரி, போய்ப் படு" என்று கதவைச் சாத்திக்கொண்டாள். அதற்குப் பிறகு இரண்டு பேருக்கும் நடுவில் பேச்சு குறைந்துபோனது.

மங்களம் வேலை செய்த கையுறைத் தொழிற்சாலையில் வருகை அட்டை குத்துகிற இயந்திரம் ஒன்று வைத்துப் பார்த்தார்கள். பெண்கள் ஒருத்தி அட்டையை இன்னொருத்தி குத்தினார்கள். அதனால் மேற்பார்வைக்காரன் சீனி, பழைய முறைக்கே போய்விட்டான். காலையில் கூடத்தில் வரிசையாக நிற்கவைத்துப் பேர் கூப்பிடுவான்.

மங்களம் லூமுட்டுக்குப் போய்வந்து சில வாரம் ஆகியிருந்தது, அன்றைக்கும் கூப்பிட்டான். "மங்களம் அக்கா!"

"இருக்கேன்" என்றாள் மங்களம்.

சீனி தலையைத் தூக்கி வரிசையைப் பார்த்தான். அவன் பார்வை அவள்மேல் பட்டது, நிற்கவில்லை.

"மங்களம் அக்கா வரலையா?"

"இருக்கேன் தம்பி! இங்கதான் நிக்கிறேன்!" அவள் குரல் அவள் காதுக்கு நன்றாகவே கேட்டது. கையைத் தூக்கி ஆட்டினாள். எதிரே நின்ற பெண் கொட்டாவி விட்டாள். பின்னால் நின்றவள் சாவகாசமாக ஓரடி முன்னால் வந்தாள். அவள் உடம்பின் சூடு மங்களத்தின் முதுகில் ஏறியது.

சீனி காதில் செருகியிருந்த பேனாவை எடுத்தான். துறையில் அவள் அலறின அதே சொல் இப்போது அவள் பேருக்கு எதிரே ஏறப்போகிறது.

மங்களம் பக்கத்தில் திரும்பினாள். கருப்பம்மாள் தோளோடு தோளாக நின்றாள். அவளும் மங்களத்தைத் தேடினாள். கண் அவள் முகத்தைக் கடந்து வாசல்வரைக்கும் போய் வெறுமனே திரும்பி வந்தது. கருப்பம்மாளின் முகம் வெளுத்தது. நேரே சீனியைப் பார்த்தாள்.

"வந்துட்டாங்க!" என்றாள், தோட்டத்துக் களத்துக்குக் கேட்கிற குரலில். "என் பக்கத்துலதான் நிக்கிறாங்க."

சீனி மறுபடி பார்த்தான். "அட, இங்கதான் இருக்கீங்களா? வாயத் தொறந்து சொன்னா என்னக்கா?" என்று சலித்துக்கொண்டு அடுத்த பேரைக் கூப்பிட்டான்.

பின்னால் நின்றவள் "சாரிக்கா" என்று விலகினாள். கருப்பம்மாள் கையை நீட்டித் துழாவினாள். மங்களத்தின் மணிக்கட்டு அகப்பட்டதும் இறுகப் பிடித்துக்கொண்டாள். பேர் கூப்பிட்டு முடியும்வரை இரண்டு பேரும் அப்படியே நின்றார்கள்.